ஓர் அங்குலக் கதவிடுக்கு

நேயர்களுக்கு வணக்கம்.

ஆங்கில இலக்கியத்தில் அறம் பற்றிப் பேச வேண்டும் என்று நிலையத்தார் கேட்டபோது, சரி என்று சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்து பயந்துபோனேன். தலைப்போ கடல். கொடுத்திருப்பதோ கால்மணி நேரம். ஷேக்ஸ்பியரில் ஏறி ஒவ்வொரு பெயராக நின்று நின்று போனால் பாசஞ்சர் ரயில் மாதிரி ஆகிவிடும். அதனால் ஒரு நாவல், அதிலும் பெரும்பாலும் ஓர் இரவு. அதோடு நிறுத்திக்கொள்கிறேன்.

அதற்கு முன் ஒரு சின்ன விஷயம். அறச்சிக்கல் என்றதும் நமக்குக் கொலை, துரோகம், சிம்மாசனம் என்று பெரிய காரியங்கள்தான் ஞாபகத்துக்கு வரும். ஜேன் ஆஸ்டின் அதைச் சுற்றுலா போன இடத்தில் வைத்துக் காட்டினார். அவருடைய 'எம்மா' 1815 டிசம்பரில் வந்தது. சர்ரே மாவட்டத்தில் பாக்ஸ் ஹில் என்று ஒரு குன்று. ஊர்ப் பெரிய மனிதர்கள் கூடி அங்கே போகிறார்கள். பொழுது போகவில்லை. ஆளுக்கு ஒரு புத்திசாலித்தனமான வார்த்தை சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் அசட்டுத்தனமாக மூன்று சொல்லலாம் என்று ஒரு விளையாட்டு. மிஸ் பேட்ஸ் என்று ஒரு பெண்மணி, கல்யாணமாகாதவர், பேச ஆரம்பித்தால் நிறுத்தத் தெரியாதவர், "நான் வாயைத் திறந்தாலே மூன்று அசட்டுப் பேச்சு வந்துவிடுமே" என்று தன்னைத்தானே கிண்டல் செய்துகொள்கிறார். எம்மாவுக்கு நாக்கு சும்மா இருக்கவில்லை. "அதில் ஒரு சிரமம் இருக்கிறது, மூன்றோடு நிறுத்த வேண்டுமே" என்கிறாள். அந்த அம்மாளுக்கு முதலில் புரியவே இல்லை. புரிந்ததும் முகம் சிவந்துவிடுகிறது. அவ்வளவுதான் நடந்தது.

பிறகு நைட்லி என்ற குடும்ப நண்பர் எம்மாவைத் தனியே பிடித்துக் கடிந்துகொள்கிறார். அவர் சொல்லும் காரணத்தைக் கவனியுங்கள். அவள் பணக்காரியாக இருந்தால் நான் உன்னோடு சண்டைக்கே வந்திருக்க மாட்டேன். அவள் வசதியாகப் பிறந்து நொடித்துப்போனவள், நீ அப்படிப் பேசினால் மற்றவர்களும் பேசுவார்கள் என்கிறார். 'நகையுள்ளும் இன்னா திகழ்ச்சி' என்று நாம் பள்ளியில் மனப்பாடம் செய்ததுதான். ஆனால் யாரை இகழ்கிறோம், எந்தப் படியில் நின்றுகொண்டு இகழ்கிறோம் என்ற கணக்கை ஆஸ்டின் கூடவே வைக்கிறார்.

இது சொல்லக் கூடாததைச் சொன்ன கதை. நான் பேச வந்தது, சொல்ல வேண்டியதைச் சொல்லாமல் விட்ட கதை.

ஜார்ஜ் எலியட் எழுதிய 'மிடில்மார்ச்' 1871 டிசம்பரிலிருந்து ஓராண்டு காலம் 8 பகுதிகளாக வெளிவந்தது. ஜார்ஜ் எலியட் என்பது புனைபெயர். எழுதியவர் மேரி ஆன் எவன்ஸ் என்ற பெண். கதை நடப்பது 1829-லிருந்து 1832 வரை, மத்திய இங்கிலாந்தில் ஒரு சிற்றூரில். அந்த ஊரில் புல்ஸ்ட்ரோட் என்று ஒரு வங்கி முதலாளி. மகா பக்திமான். தர்ம காரியம் எதுவானாலும் முன்னால் நிற்பவர். ஊரில் புதிதாக வரும் ஆஸ்பத்திரியே அவர் முயற்சிதான். ஊருக்கு அவரைப் பிடிக்காது. ஆனால் அவர் பணம் வேண்டும்.

அந்தப் பணம் எப்படி வந்தது? இளம் வயதில் லண்டனில் ஓர் அடகுக்கடைத் தொழிலில் கூட்டுச் சேர்ந்தார். திருட்டு நகை என்று தெரிந்தும் கேள்வி கேட்காமல் வாங்கிக்கொண்ட தொழில் அது. முதலாளி இறந்ததும் அவருடைய விதவையைக் கல்யாணம் செய்துகொள்ள இருந்தார். அந்த அம்மாளுக்கு வீட்டை விட்டுப் போன ஒரு மகள் உண்டு. அவளைத் தேடச் சொன்னாள். தேடினார்கள், கண்டுபிடித்தும் விட்டார்கள். ஆனால் தாயிடம் சொல்லவில்லை. மகள் கிடைக்கவில்லை என்று நம்பியே தாய் மறுமணம் செய்துகொண்டாள். சொத்து முழுவதும் புல்ஸ்ட்ரோட்டுக்கு வந்தது. விஷயம் தெரிந்த இன்னொருவன் ராஃபிள்ஸ். பணம் கொடுத்து அவன் வாயை அடைத்து அனுப்பிவிட்டார்.

பல வருஷம் கழித்து அந்த ராஃபிள்ஸ் மிடில்மார்ச்சுக்கு வந்து சேர்கிறான். முழுக் குடிகாரன். பணம் கேட்கிறான், வாங்கிக்கொண்டு போகிறான், திரும்ப வருகிறான். கடைசியில் குடியினால் உடம்பு கெட்டு, புல்ஸ்ட்ரோட்டுக்குச் சொந்தமான ஒரு வீட்டிலேயே படுத்துவிடுகிறான். லிட்கேட் என்ற இளம் டாக்டர் வருகிறார். அந்தக் காலத்தில் இந்த மாதிரி நோயாளிக்கு மேலும் சாராயமும் தாராளமாக அபினும் கொடுப்பதுதான் வழக்கம். லிட்கேட் புதுமுறை படித்தவர். பிராந்தி ஒரு சொட்டுக்கூடக் கூடாது. தூக்கமே வராவிட்டால் மட்டும் அபின், அதுவும் கொஞ்சமாக, இந்த அளவு வந்ததும் நிறுத்திவிட வேண்டும் என்று விவரமாகச் சொல்லிவிட்டுப் போகிறார்.

முதல் நாள் இரவு முழுவதும் புல்ஸ்ட்ரோட்டே கண்விழித்து நோயாளியைப் பார்த்துக்கொள்கிறார். இதை மறந்துவிடக் கூடாது. அவர் உள்ளத்தில் 'இவன் செத்துத் தொலைந்தால்' என்ற ஆசை இருக்கிறது. கை மட்டும் டாக்டர் சொன்னபடி செய்கிறது. மறுநாள் மாலை உடம்பு ஓய்ந்துபோய், மருந்தை வீட்டுக்காரியான மிஸஸ் ஏபெலிடம் ஒப்படைக்கிறார். எவ்வளவு கொடுக்க வேண்டும் என்று சொல்கிறார். எப்போது நிறுத்த வேண்டும் என்று சொல்ல விட்டுப்போகிறது.

கொஞ்ச நேரம் கழித்து ஞாபகம் வருகிறது. மெழுகுவத்தியைக் கையில் எடுக்கிறார். எடுத்தவர் நெடுநேரம் அசையாமல் நிற்கிறார். பிறகு மாடி ஏறுகிறார். நடையில் நின்று, நோயாளி முனகுவதைக் கேட்கிறார். இன்னும் தூங்கவில்லையே, டாக்டர் சொன்னதை மீறுவதுதான் ஒருவேளை நல்லதோ என்று ஒரு யோசனை வருகிறது. தன் அறைக்குள் போய்விடுகிறார்.

உடை மாற்றி முடிப்பதற்குள் மிஸஸ் ஏபெல் கதவைத் தட்டுகிறாள். ஐயா, ஆள் ரொம்பத் தளர்ந்துபோய்விட்டார், கொஞ்சம் பிராந்தி கொடுக்கலாமா என்கிறாள். பதில் இல்லை. என் பழைய எஜமானரை நான் இப்படிக் கொடுத்துத்தான் பார்த்துக்கொண்டேன் என்கிறாள். அப்போதும் பதில் இல்லை. சாகக் கிடக்கிறவர் விஷயத்தில் நீங்கள் கணக்குப் பார்க்கிற ஆளா என்று அவள் பேசிக்கொண்டே இருக்கும்போது, ஓர் அங்குலம் திறந்த கதவிடுக்கு வழியாக ஒரு சாவி நீள்கிறது. அலமாரிச் சாவி. அங்கே பிராந்தி நிறைய இருக்கிறது என்று கம்மிய குரலில் சொல்கிறார்.

விடியற்காலையில் எழுந்து பிரார்த்தனை செய்கிறார். பிறகு போய்ப் பார்த்து, ஏறக்குறையக் காலியான அபின் குப்பியைக் கண்ணில் படாமல் வைக்கிறார். பிராந்திப் புட்டியைக் கீழே கொண்டுபோய்ப் பூட்டுகிறார். காலை பத்தரைக்கு டாக்டர் வரும்போது மூச்சு அடங்கிக்கொண்டிருக்கிறது.

கல்லூரியில் இந்தப் பகுதியை நடத்திய ஒவ்வொரு வருஷமும் வகுப்பு இரண்டாகப் பிரிந்துவிடும். கோர்ட் குமாஸ்தா ஒருவரின் மகன் என் வகுப்பில் இருந்தான். எழுந்து, "சார், இது 302-ல் வருமா, 304-ல் வருமா?" என்றான். பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 302 என்றால் கொலை, 304 என்றால் கொலையாகாத மரணம் விளைவித்தல். எல்லோரும் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை, ஏனென்றால் எனக்குப் பதில் தெரியவில்லை. மிடில்மார்ச் ஊர்க்காரர்களுக்கும் இதே திண்டாட்டம்தான். அவர் செய்ததாகச் சொல்லக்கூடியது, அந்தக் காலத்து டாக்டர்கள் தாங்களே செய்யச் சொல்லியிருக்கக்கூடிய ஒன்று. எந்த நீதிபதி என்ன செய்வார்?

என்னை விடாமல் பிடித்துக்கொண்டது அந்தக் காலைப் பிரார்த்தனை. 'தன்நெஞ்சறிவது பொய்யற்க பொய்த்தபின் தன்நெஞ்சே தன்னைச் சுடும்' என்கிறார் வள்ளுவர். நெஞ்சு சுடும் என்பதில் நமக்கு ஒரு நம்பிக்கை இருக்கிறது. அந்த நெஞ்சே பொய் சொல்லப் பழகிவிட்டால்? தனிமையில் செய்யும் பிரார்த்தனை மட்டும் உண்மையாகத்தான் இருக்கும் என்று யார் சொன்னது என்று எலியட் கேட்கிறார். அதுவும் பேச்சுத்தானே, ஓசையில்லாத பேச்சு. தனக்குள் நினைக்கும்போதுகூடத் தன்னை உள்ளபடியே காட்டிக்கொள்ள யாரால் முடியும்? புல்ஸ்ட்ரோட் ஊரை ஏமாற்றும் வேஷக்காரர் இல்லை. அவருக்கு நிஜமாகவே கடவுள் நம்பிக்கை உண்டு. அதுதான் பயமாக இருக்கிறது.

அப்புறம் டாக்டர். லிட்கேட் கடனில் மூழ்கி, வீட்டுச் சாமான் ஜப்திக்கு வந்த நிலை. ஏற்கெனவே உதவி கேட்டு, புல்ஸ்ட்ரோட் இல்லை என்று அனுப்பியிருந்தார். ராஃபிள்ஸ் நோயில் கிடக்கும்போது திடீரென்று கூப்பிட்டு 1000 பவுனுக்குக் காசோலை கொடுக்கிறார். லிட்கேட் சந்தோஷமாக வாங்கிக்கொள்கிறார். மறுநாள் நோயாளி இறந்ததும் அவருக்கு ஒரு நெருடல். இப்படி முடியும் என்று அவர் எதிர்பார்க்கவில்லை. ஆனாலும் கேட்கவில்லை. பணம் வாங்கியிருக்காவிட்டால் நான் துருவிக் கேட்டிருப்பேனா என்று பின்னால் அவரே தன்னைக் கேட்டுக்கொள்கிறார். லஞ்சம் என்று யாரும் கொடுக்கவில்லை, லஞ்சம் என்று அவரும் வாங்கவில்லை. வாய் மட்டும் அடைபட்டுவிட்டது. ஓர் அலுவலகத்தில் நாலு வருஷம் வேலை பார்த்த எவருக்கும் இதை விளக்க வேண்டியதில்லை.

இதையெல்லாம் எழுதியவர் சர்ச்சுக்குப் போவதை 22 வயதில் நிறுத்திக்கொண்டவர். மனைவி இருந்த ஜார்ஜ் ஹென்றி லூயிஸ் என்ற எழுத்தாளரோடு 1854-லிருந்து லூயிஸ் சாகும் வரை மணமாகாமல் வாழ்ந்தவர். 'கௌரவமான' வீடுகளின் கதவு பல வருஷம் அவருக்குத் திறக்கவில்லை. சொந்த அண்ணனே பேச்சை நிறுத்திவிட்டார். ஸ்பினோஸா என்ற தத்துவ ஞானியின் அறநூலை லத்தீனிலிருந்து மொழிபெயர்த்துவிட்டு, அது அச்சாவதைப் பார்க்காமலே போனவர். 1873-ல் கேம்பிரிட்ஜில் ஒரு மழை மாலையில் மையர்ஸ் என்பவரோடு உலாவியபோது, கடவுள், மறுமை, கடமை என்று மூன்று சொற்களைச் சொல்லி, முதலாவது மனத்துக்கே எட்டாதது, இரண்டாவது நம்ப முடியாதது, மூன்றாவதோ தட்டிக்கழிக்கவே முடியாதது என்றாராம். மையர்ஸ் எழுதி வைத்திருக்கிறார். கடவுள் பார்த்துக்கொள்வார் என்று விட்டுவிட வழியில்லாத ஒருவர்தான் ஒரு பக்திமானின் மனத்துக்குள் இவ்வளவு தூரம் போய்ப் பார்த்திருக்கிறார்.

இன்னும் ஒருவர் பாக்கி. ஹாரியட், புல்ஸ்ட்ரோட்டின் இரண்டாவது மனைவி. நல்ல துணிமணி, அலங்காரமான தொப்பி, ஊரார் மதிப்பு என்று வாழ்ந்தவள். கணவரின் பழைய கதை எதுவும் அவளுக்குத் தெரியாது. ஊர் முழுக்கத் தெரிந்த பிறகு தன் அண்ணன் சொல்லித்தான் தெரிந்துகொள்கிறாள். வீட்டுக்கு வந்து அறையைத் தாழிட்டுக்கொள்கிறாள். உடனே புருஷனிடம் போகவில்லை. போட்டிருந்த ஆபரணங்களையெல்லாம் கழற்றுகிறாள். வெறும் கறுப்பு கவுன் உடுத்துகிறாள். தலையை அழுத்தி வாரி, பூவேலை இல்லாத எளிய தொப்பி ஒன்றை வைத்துக்கொள்கிறாள். இதெல்லாம் நம் ஊர் வாசகருக்கு என்னவாகப் படும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

இரவு எட்டு மணிக்கு அவர் அறைக் கதவைத் திறக்கிறாள். அவர் தலை நிமிரவில்லை. முன்னைவிடச் சுருங்கிப்போனவராகத் தெரிகிறார். நாற்காலிக் கையில் கிடந்த அவர் கைமேல் ஒரு கையும், தோள்மேல் ஒரு கையும் வைத்து, "நிமிர்ந்து பாருங்கள், நிக்கோலஸ்" என்கிறாள். பக்கத்தில் உட்கார, இருவரும் அழுகிறார்கள். ஊர் சொல்வதில் எவ்வளவு நிஜம், எவ்வளவு பொய் என்று அவள் கேட்கவில்லை. நான் குற்றமற்றவன் என்று அவரும் சொல்லவில்லை.

நன்றி, வணக்கம்.