மைதா இல்லை, அரிசி மாவு இல்லை: தூத்துக்குடி மக்ரூன் எப்படி நிமிர்ந்து நிற்கிறது?

(திரையில்: வெளிர் நிறக் கூம்பு ஒன்று. இரண்டு விரல் அதை அழுத்துகிறது. 'மொறுக்'.)

ஹெட்போன் மாட்டியிருப்பவர்கள் கொடுத்துவைத்தவர்கள். இன்னொரு தடவை கேளுங்கள். 'மொறுக்'.

இதில் மைதா இல்லை, ரவை இல்லை, அரிசி மாவு இல்லை. முட்டை வெள்ளைக்கரு, சீனி, முந்திரிப்பருப்பு, அவ்வளவுதான். பாரிஸ் பாதாம் இனிப்பான மக்ரோன் ஒன்று வாங்கும் காசுக்கு இது ஒரு பொட்டலம் கிடைக்கும். எனக்கு இதுதான் பிடிக்கும். பாரிஸ்காரர்கள் கமென்டில் சண்டைக்கு வரலாம், கதவு திறந்தே இருக்கிறது.

(திரையில்: பழைய கப்பல் ஓவியம், வேகமாக.)

வரலாறு முப்பது நொடிதான், ஓட்டிவிடாதீர்கள். 16-ம் நூற்றாண்டில் முத்துக் குளிக்கும் இந்தக் கடற்கரைக்குப் போர்த்துக்கீசியர் வந்தார்கள். 1658-ல் டச்சுக்காரர்கள் அவர்களை விரட்டினார்கள். ஐரோப்பாவில் பாதாம் போட்டுச் செய்த பண்டத்தின் பக்குவம் போர்த்துக்கீசியரோடு வந்து இறங்கியது, பாதாம் கிடைக்காத ஊரில் முந்திரி அதன் இடத்தைப் பிடித்தது என்பது ஊர் சொல்லும் கதை. அந்த முந்திரியும் இந்த மண்ணில் பிறந்ததில்லை. பிரேசிலிலிருந்து அதே போர்த்துக்கீசியர் கொண்டுவந்த மரம். மலையாளத்தில் இன்றும் அதற்குப் 'பறங்கியண்டி', அதாவது பறங்கியர் கொட்டை, என்று ஒரு பெயர் உண்டு. சரி, வரலாறு முடிந்தது.

இப்போது நான் இரண்டு நாளாகத் தூக்கம் கெட்டு யோசித்த விஷயத்துக்கு வருகிறேன். மஞ்சள் கரு எங்கே போனது?

போர்த்துக்கலில் கன்னியாஸ்திரி மடங்கள் இனிப்புக்குப் பேர்போனவை. அங்கே நடந்ததாகச் சொல்வது என்னவென்றால், வெள்ளைக்கருவைத் துணிக்குக் கஞ்சி போடுவதுபோல அங்கிகளை விறைப்பாக்க எடுத்துக்கொள்வார்கள். மிஞ்சும் மஞ்சள் கருவைச் சீனிப்பாகில் போட்டு இனிப்பாக்குவார்கள். அப்படி ஒன்றுதான், கொதிக்கும் பாகில் மஞ்சள் கருவை நூல் நூலாக ஊற்றி எடுக்கும் பண்டம். அந்த நூல் தாய்லாந்துக்குப் போய் 'ஃபாய் தோங்' ஆனது. தங்க நூல் என்று அர்த்தம். அதேபோல ஒன்று நம் பக்கத்து மலபாரிலும் இருக்கிறது, பெயர் முட்டமாலை. பேரைக் கேட்டாலே கழுத்தில் போட்டுக்கொள்ளத் தோன்றுகிறதா? ஆக, போர்த்துக்கீசியர் கால் வைத்த துறைமுகங்களில் மஞ்சள் கரு மாலையாகவும் நூலாகவும் ராஜ மரியாதையோடு வாழ்ந்திருக்கிறது. தூத்துக்குடி மட்டும் ஆட்டத்தைத் திருப்பிப் போட்டுவிட்டது. அங்கே சட்டைக்குக் கஞ்சியான வெள்ளைக்கரு இங்கே கதாநாயகன். இதைப் படமாக எடுத்தால் முதல் காட்சிக்கு நான் டிக்கெட் எடுப்பேன்.

(திரையில்: பாத்திரத்தில் நுரை, மிக அருகில்.)

வாருங்கள், செய்வோம். 2 முட்டையின் வெள்ளைக்கரு, 100 கிராம் சீனி, 100 கிராம் முந்திரி.

சீனியை வீட்டு மிக்ஸியில் பொடித்துக்கொள்ளுங்கள். கடையில் வாங்கும் ஐசிங் சுகர் பாக்கெட்டைத் திருப்பிப் படித்துப் பாருங்கள். கட்டி பிடிக்காமல் இருக்கச் சோளமாவு சேர்த்திருப்பது வழக்கம். தானியமே இல்லை என்று தம்பட்டம் அடித்துவிட்டு மக்காச்சோளத்தைப் பின்வாசல் வழியாக உள்ளே விடலாமா?

முந்திரியை விட்டு விட்டு, ஒன்றிரண்டு சுற்றாக அரையுங்கள். விடாமல் ஓட்டினால் எண்ணெய் கக்கிக் களிம்பாகிவிடும். அந்த எண்ணெய்தான் நுரைக்கு எதிரி. மஞ்சள் கருவின் கொழுப்பும் அப்படியே. வெள்ளைக்கருவில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர், மீதி பெரும்பாலும் புரதம். அடிக்க அடிக்க, சுருண்டு கிடக்கும் புரதம் விரிந்து காற்றுக் குமிழியைச் சுற்றிப் படலமாகக் கட்டிக்கொள்கிறது. நடுவில் கொழுப்பு புகுந்தால் அந்தக் கட்டு அவிழ்ந்துவிடும். என் முதல் முயற்சியில் ஒரு சொட்டு மஞ்சள் கரு தவறி விழுந்தது. 'ஒரு சொட்டுதானே' என்று விட்டேன். முக்கால் மணி நேரம் கழித்துத் தட்டை வெளியே எடுத்ததும் அம்மா கேட்டது, "இது மக்ரூனா, அடையா?"

நுரை பொங்கியதும் சீனியைக் கரண்டி கரண்டியாகச் சேர்த்து, தூக்கினால் மூக்கு விறைத்து நிற்கும்வரை அடியுங்கள். பாத்திரத்தைத் தலைக்கு மேல் கவிழ்த்துக் காட்டும் வீரமெல்லாம் வேண்டாம். முந்திரிப் பொடியைக் கரண்டியால் மெதுவாகப் புரட்டிக் கலந்து, பேப்பர் கூம்பில் நிரப்பி, தட்டில் விரித்த பேக்கிங் தாளின் மேல் பிழியுங்கள். பிழிந்து, நிறுத்தி, வெடுக்கென்று மேலே இழுக்க வேண்டும். அந்த இழுப்பில்தான் உச்சி கூர்மையாக வரும். எனக்கு இன்னும் பாதிக்குப் பாதி யானைத் தும்பிக்கைதான் வருகிறது.

அவனில் 110 டிகிரி, ஒரு மணி நேரம். அப்புறம் அணைத்துவிட்டு உள்ளேயே ஆறவிடுங்கள். இங்கே வேலை வேகவைப்பதைவிட உலர்த்துவதுதான். அவசரப்பட்டுச் சூட்டைக் கூட்டினால் வெளியே சிவந்து உள்ளே பிசுபிசுக்கும். ஆறியதும் உடனே காற்றுப் புகாத டப்பாவுக்குள் போய்விட வேண்டும். சீனி ஈரத்தை இழுக்கும், அரை நாளில் நமத்துவிடும்.

(திரையில்: உடைந்த கூம்பின் உட்புறம், சின்னச் சின்னக் குமிழிகள்.)

வீட்டில் இப்போது இரண்டு மஞ்சள் கரு கிண்ணத்தில் என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறது. முட்டமாலை போடத் தெரிந்த மலபார் சொந்தங்கள் யாராவது இருந்தால் கமென்டில் வாருங்கள். மற்றவர்கள் சப்ஸ்கிரைப் செய்துவிட்டுப் போங்கள். எனக்கு இன்றைக்கு ஆம்லெட்.