தவளைப் புத்தகம் வாங்குமுன் வால் மறையும் பக்கத்தைப் பாருங்கள்

சரி, அடுத்த கேள்வி. ஓர் அம்மா கேட்டிருக்கிறார்: "என் மகளுக்கு ஐந்தரை வயது. மழை பெய்தால் போதும், தவளையைத் தேடி ஓடிவிடுகிறாள். அவளுக்கு ஒரு புத்தகம் வாங்கலாம் என்று தேடினால், எல்லாவற்றிலும் முட்டை, தலைப்பிரட்டை, தவளை என்று அதே வட்டப் படம்தான். எதை நம்பி வாங்குவது? கதைப் புத்தகமா, தகவல் புத்தகமா?"

நல்ல கேள்வி. நான் புத்தகப் பெயர் எதையும் சொல்லப் போவதில்லை. கையில் கிடைத்த புத்தகத்தை நீங்களே இரண்டு நிமிடத்தில் சோதித்துப் பார்க்க முடியும், அதற்கு வழி சொல்கிறேன்.

அட்டையைப் பார்க்காதீர்கள். அட்டையில் எப்போதும் சிவப்புக் கண் வைத்த பச்சை மரத்தவளை ஒன்று உட்கார்ந்திருக்கும். நேராக உள்ளே போய், தலைப்பிரட்டைக்குக் கால் முளைக்கும் பக்கத்தைத் திறங்கள். எந்தக் கால் முதலில் வருகிறது? பின்னங்கால்தான் முதலில் வெளியே தெரிய வேண்டும். முன்னங்கால்களும் வளர்ந்துகொண்டுதான் இருக்கும், ஆனால் தோலுக்கு உள்ளே மறைந்திருக்கும். பிறகு ஒருநாள் வெளியே வரும். முன்னங்கால் முதலில் வந்தது போலப் படம் போட்டிருந்தால், ஓவியர் தவளையைப் பார்த்து வரையவில்லை என்று அர்த்தம். அப்படி வளர்வது, பல்லி போல உடம்பும் வாலும் கொண்ட தவளையின் உறவான சாலமாண்டரின் குஞ்சு.

அடுத்து வால். வால் என்ன ஆகிறது என்று அந்தப் புத்தகம் சொல்கிறதா? நிறையப் புத்தகங்களில் ஒரு பக்கத்தில் வால் இருக்கும், பக்கத்தைத் திருப்பினால் இருக்காது. "வால் விழுந்துவிடும்" என்றுகூட எழுதியிருப்பார்கள். வால் விழுவதில்லை. உடம்பே அதைக் கரைத்து உள்ளே இழுத்துக்கொள்கிறது. இதில் அழகான விஷயம் ஒன்று இருக்கிறது. அந்தச் சில நாட்களில் தலைப்பிரட்டையின் வாயும் மாறிக்கொண்டிருக்கும், குடலும் மாறிக்கொண்டிருக்கும். பெரும்பாலான தலைப்பிரட்டைகள் பாசியைச் சுரண்டித் தின்பவை, அதற்கு நீளமான சுருள் குடல் வேண்டும். வளர்ந்த தவளை பூச்சி பிடிக்கும் பிராணி, அதற்குக் குடல் குட்டையாக இருந்தால் போதும். வீட்டை இடித்துக் கட்டும்போது அடுப்பு மூட்ட முடியாது அல்லவா, அதுபோல இந்த மாற்றத்தின்போது அதனால் எதையும் தின்ன முடியாது. அப்போது கரையும் வால்தான் அதற்குச் சோறு. ஒரு குழந்தையிடம் "தவளை தன் வாலையே சாப்பாடாக்கிக்கொண்டது" என்று சொல்லிப் பாருங்கள், அன்றைக்கு முழுக்க அதையேதான் கேட்டுக்கொண்டிருக்கும். இந்த இடத்தை ஒழுங்காகச் சொல்லும் புத்தகம் மற்ற இடங்களிலும் பெரும்பாலும் ஒழுங்காகவே இருக்கும். என் அனுபவத்தில் இதைவிடச் சுலபமான சோதனை கிடையாது.

இன்னொரு பக்கமும் பார்க்கலாம், நாக்கு. ஈயைப் பிடிக்கும் படம் இல்லாத தவளைப் புத்தகமே இல்லை. நமக்கு நாக்கு தொண்டைப் பக்கம் ஒட்டியிருக்கிறது, தவளைக்கு வாயின் முன்பக்கத்தில். அதனால் அது மடிந்து கிடந்து வெளியே வீசப்படுகிறது. இரையை விழுங்கும்போது கண்கள் உள்ளே அமுங்கி அதைத் தொண்டைக்குள் தள்ளிவிடும். இதையும் சொல்லியிருந்தால் அந்தப் புத்தகத்தை யோசிக்காமல் வாங்கிவிடுங்கள்.

இப்போது அந்த வட்டப் படத்துக்கு வருகிறேன். அது தப்பில்லை, ஐந்து வயதுக்கு அது போதும். ஆனால் "எல்லாத் தவளைகளும் இப்படித்தான்" என்று எழுதியிருந்தால் அது தப்பு. உலகத்தில் 7,000க்கும் மேற்பட்ட தவளை இனங்கள் இருக்கின்றன, அவை எல்லாம் இந்த வட்டத்துக்குள் அடங்காது. புவேர்ட்டோ ரிக்கோவின் கோக்கி தவளைக்குத் தலைப்பிரட்டைப் பருவமே வெளியில் கிடையாது, முட்டையிலிருந்து குட்டித் தவளையாகவே வந்துவிடும். தென் அமெரிக்காவின் சுரினாம் தேரையில், முட்டைகள் தாயின் முதுகுத் தோலுக்குள் புதைந்து வளர்கின்றன, குட்டிகள் முதுகைப் பிளந்துகொண்டு எட்டிப் பார்க்கின்றன. டார்வின் தவளையில் அப்பாதான் தலைப்பிரட்டைகளைத் தன் குரல்பைக்குள் வைத்து வளர்க்கிறார். இதையெல்லாம் ஐந்தரை வயதில் சொல்ல வேண்டுமா என்றால், அவசியமில்லை. "பெரும்பாலான தவளைகள்" என்று ஒரு வார்த்தை இருந்தால் போதும். பின்னால் மாற்றிக் கற்க வேண்டியிருக்காது.

அளவையும் கவனியுங்கள். புத்தகத்தில் எல்லாத் தவளையும் ஒரே பருமனில் இருக்கும். பப்புவா நியூ கினியில் கண்டுபிடித்து 2012இல் அறிவித்த ஒரு தவளையின் சராசரி நீளம் 7.7 மில்லிமீட்டர்தான். கேமரூன் பக்கத்துக் கோலியாத் தவளை 30 சென்டிமீட்டரையும் தாண்டும். படத்துக்கு அருகில் ஒரு விரலோ நாணயமோ வைத்துக் காட்டியிருந்தால் நல்லது. இல்லையென்றால் நீங்களே ஓர் அளவுகோலை எடுத்து மகளோடு சேர்ந்து தரையில் கோடு போட்டுக் காட்டுங்கள்.

கதையா தகவலா என்று கேட்டீர்கள். இரண்டும் இருக்கட்டும். சட்டை போட்ட தவளை, ராஜகுமாரனாக மாறும் தவளை, எதிலும் கெடுதல் இல்லை, குழந்தைக்கு அது கதை என்று தெரியும். எனக்குக் கொஞ்சம் பயம் தருவது நடுவில் நிற்கும் புத்தகம்தான். படமெல்லாம் நிஜம் போல இருக்கும், ஆனால் அம்மாத் தவளை குட்டிகளைக் கூட்டிக்கொண்டு நீச்சல் சொல்லிக்கொடுக்கும். பெரும்பாலான தவளைகள் முட்டையிட்டதோடு போய்விடும், திரும்பிப் பார்ப்பதில்லை. "தேரையைத் தொட்டால் மரு வரும்" என்று எழுதிய புத்தகத்தையும் தள்ளி வையுங்கள். மரு வருவது மனிதரைத் தொற்றும் ஒரு வைரஸால். தேரை பாவம், அதற்கு ஒரு சம்பந்தமும் இல்லை.

அப்புறம், சத்தம் போட்டு வாசிக்க ஏற்ற புத்தகமாகப் பாருங்கள். தவளையை நாம் பார்ப்பதைவிடக் கேட்பதுதான் அதிகம். பெரும்பாலும் ஆண் தவளைதான் கத்தும், பெண்ணைக் கூப்பிடுவதற்காக. "நுணலும் தன் வாயால் கெடும்" என்று நாம் சொல்கிறோமே, அது வெறும் பேச்சில்லை. மத்திய அமெரிக்காவில் ஒரு வகை வௌவால், கத்தும் தவளையின் குரலை வைத்தே அதைக் கண்டுபிடித்துப் பிடித்துவிடுகிறது. மகளிடம் பழமொழியையும் வௌவாலையும் சேர்த்தே சொல்லலாம்.

கடைசியாக, சில புத்தகங்களில் முடிவில் ஒரு சோகப் பக்கம் இருக்கும், தவளைகள் அழிகின்றன என்று. அது உண்மைதான். தோலைத் தாக்கும் ஒரு பூஞ்சை நோயால் பல இனங்கள் போய்விட்டன. 2023இல் வந்த கணக்கெடுப்பில் தவளை, சாலமாண்டர் போன்ற நீர்நில வாழ்வி இனங்களில் சுமார் 41 சதவீதம் ஆபத்தில் இருப்பதாகச் சொன்னார்கள். ஐந்தரை வயதுக் குழந்தைக்கு இந்தப் பக்கத்தை முதல் நாளே வாசிக்க வேண்டாம். தவளையோடு நன்றாகப் பழகட்டும், பிறகு அவளே அந்தப் பக்கத்துக்கு வருவாள், அப்போது மறைக்காமல் சொல்லுங்கள்.

அதுவரை மழையில் ஓடட்டும். தவளையைத் தொட்டால் கை ஈரமாக இருக்க வேண்டும், அதன் தோல் வழியாகத்தான் அது தண்ணீர் குடிக்கிறது, மூச்சும் கொஞ்சம் விடுகிறது. தொட்டு முடித்ததும் சோப்புப் போட்டுக் கை கழுவச் சொல்லுங்கள். சரி, அடுத்த கேள்விக்குப் போகலாம்.