கினுயோ தனாகாவின் ஆறு படங்கள்

விழாத் தலைவர் அவர்களே, திரைப்படச் சங்கச் செயலாளர் அவர்களே, அரங்கை வாடகையின்றித் தந்த கல்லூரி முதல்வர் அவர்களே, முன்வரிசையில் அமர்ந்திருக்கும் மூத்த படத்தொகுப்பாளர்களே, கடைசி வரிசை வரை நிறைந்திருக்கும் மாணவச் செல்வங்களே, வணக்கம்.

கினுயோ தனாகாவை மூன்று கோணங்களில் பார்க்கலாம்: ஜப்பானின் ஷோச்சிகு படநிறுவனத்தின் நட்சத்திரம், இயக்குநர் மிசோகுச்சியின் நாயகி, தானே ஓர் இயக்குநர்.

1909இல் ஜப்பானின் ஷிமோனோசெக்கி நகரில் பிறந்தவர். ஒசாகாவில் பிவா என்னும் நரம்பு வாத்தியம் வாசிக்கும் சிறுமியர் குழுவில் மேடையேறி, 1924இல், பதினான்கு வயதில், ஷோச்சிகுவில் சேர்ந்தார். 1931இல் கோஷோ இயக்கிய, ஜப்பானின் முதல் வெற்றிகரமான பேசும்படத்தில் இவர்தான் நாயகி. அடிமேல் அடி அடித்தால் அம்மியும் நகரும் என்பார்கள். மௌனப்படக் காலத்தில் வாங்கிய பயிற்சிதான் பேசும்படத்தில் இவருக்குக் கைகொடுத்தது.

1949 அக்டோபரில் நல்லெண்ணத் தூதராக அமெரிக்கா போகிறார். புறப்பட்டது கிமோனோவில். 1950 ஜனவரியில் திரும்பி வந்து இறங்கியவர் யார்? கறுப்புக் கண்ணாடி, மேலைநாட்டு உடை, கழுத்தில் ஹவாய் மலர்மாலை! டோக்கியோவின் கின்சா வீதியில் திறந்த காரில் போகிறார், கூட்டத்தை நோக்கிக் கையால் முத்தங்களைப் பறக்கவிடுகிறார். ஊர் எப்படி இருந்தது? தோற்ற நாடு, அன்னியப் படையின் ஆட்சி, வயிற்றுப்பாட்டுக்கே திண்டாட்டம். நேற்றுவரை கொண்டாடிய பத்திரிகைகள் பாய்ந்து குதறின. ஒரு கறுப்புக் கண்ணாடிக்காக இருபத்தைந்து வருட உழைப்பை ஒன்றுமில்லையென்று தள்ளிவிட்டார்கள், அய்யா! ஒரு நடிகர் அப்படி வந்து இறங்கியிருந்தால் இத்தனை கூச்சல் எழுந்திருக்குமா?

1952இல் மிசோகுச்சி இயக்கிய 'ஓஹாருவின் வாழ்க்கை' படம் அவரை மீட்டது. அரண்மனைப் பணிப்பெண்ணாகத் தொடங்கி, தெருவில் நிற்கும் முதிய பரத்தை வரை, ஒரே உடலில் காட்டினார். மிசோகுச்சியைப் பற்றி இன்னும் பேசலாம். ஆனால் இன்று எனக்கு முக்கியம் மூன்றாவது தனாகா.

1953இல் இயக்குநர் நருசேயிடம் உதவியாளராக நின்று தொழில் கற்று, அதே ஆண்டில் 'காதல் கடிதம்' எடுத்தார். அடுத்த படத்துக்குத் திரைக்கதையில் கைகொடுத்தவர் இயக்குநர் ஓசு. இயக்குநர் சங்கத் தலைவராயிருந்த மிசோகுச்சியோ இவர் படம் இயக்குவதை எதிர்த்தார். அடிமேல் அடி! 1962க்குள் ஆறு படங்கள். அவற்றில் ஒன்றான 'நித்திய மார்பகங்கள்' மார்பகப் புற்றுநோயால் இறந்த கவிஞர் ஃபுமிகோ நகாஜோவின் கதை. திரைக்கதை எழுதியவரும் ஒரு பெண், சுமியே தனாகா. நோயாளியின் ஆசையையும் கோபத்தையும் அது ஒளிக்கவில்லை. 1975இல் 'சந்தகான் எண் 8' படத்துக்காக பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கினார். 1977இல் மறைந்தார். அந்த விருதைச் சொல்பவர்கள் இந்த ஆறைச் சொல்வதில்லை.

செயலாளர் அவர்களுக்கு என் வேண்டுகோள் இதுதான். ஆறையும் தமிழ் வசனவரிகளோடு திரையிடுங்கள். புதுப்பித்த பிரதிகள் வந்துவிட்டன. முதல் மூன்றும் கிட்டத்தட்டச் சதுரமான சட்டகம், அகலம் 1.37க்கு உயரம் 1. பின் மூன்றும் அகலத்திரை. முதல் மூன்றை அகலத்துக்கு இழுத்தால் முகங்கள் உப்பும். மேல்கீழ் வெட்டினால் தலை போகும், வசனவரியும் போகும். ஆகவே பக்கத் திரைச்சீலையை உள்ளே இழுத்துக் கறுப்பு விடுங்கள். வசனவரி இரண்டு வரிக்கு மேல் போகக் கூடாது. தமிழ்ச் சொற்கள் நீளம், மூன்றாவது வரி நடிகையின் முகத்தில் ஏறிவிடும். கதவு திறப்பதற்கு முன் ஒவ்வொரு பிரதியிலும் பத்து நிமிடமாவது ஓட்டிப் பாருங்கள். முதலில் 'நித்திய மார்பகங்கள்' போடுங்கள். மொழிபெயர்க்க ஆள் வேண்டுமென்றால் இந்த அரங்கிலேயே கேளுங்கள். மாணவர்களே, கை தூக்குங்கள்.