வஜிமா கிண்ணத்தின் அடிப்பூச்சு

அவையோர் அனைவருக்கும் வணக்கம்.

ஜப்பானியக் கைவினை என்றதும் இன்று இளைஞர்கள் பலருக்கு முதலில் நினைவுக்கு வருவது கின்சுகி. உடைந்த கோப்பையின் விரிசலில் பொன்கோடு ஓடும் படத்தைக் கைப்பேசியில் பார்க்காதவர்கள் இந்த அவையில் குறைவாகவே இருப்பீர்கள். அந்தப் படத்தோடு மனக்காயம், மீண்டெழுதல் என்று பல வாசகங்களும் சேர்ந்து வரும். அவற்றை நான் குறைகூற வரவில்லை. ஆனால் அவை ஒரு முக்கியமான செய்தியை மறைத்துவிடுகின்றன. கோப்பையை ஒட்டுவது தங்கம் அன்று. கோதுமை மாவோடு குழைத்த ஒரு மரப்பால்தான் துண்டுகளை ஒட்டுகிறது. சில்லு பெயர்ந்த இடத்தை நிரப்புவதும் மண்தூளோடு குழைத்த அதே மரப்பால்தான். அது நாள்கணக்கில் இறுகி, தேய்த்துச் சமன்செய்யப்பட்டு, அதன்மேல் மெல்லிய கோடாக மறுபடியும் பூசப்பட்டு, அந்தக் கோடு காய்வதற்குள் தூவப்படும் பொடியே நம் கண்ணுக்குத் தெரியும் தங்கம். அந்த மரப்பாலின் பெயர் உருஷி. அந்தப் பாலைப் பற்றியும், அதைக் கொண்டு பல நூற்றாண்டுகளாகப் பாத்திரம் செய்துவரும் வஜிமா என்னும் கடற்கரை ஊரைப் பற்றியும் பேசவே இங்கு வந்திருக்கிறேன்.

நம் நாட்டு அரக்கு ஒருவகைப் பூச்சி சுரப்பது. உருஷி அப்படியில்லை, மரத்தின் பட்டையைக் கீறினால் வடியும் பால் அது. அந்த மரம் மாமரமும் முந்திரியும் சேர்ந்த அதே தாவரக் குடும்பத்தைச் சேர்ந்தது. சலவைத் தொழிலாளர்கள் துணியில் அழியாக் குறியிடப் பயன்படுத்திய சேராங்கொட்டையும் அந்தக் குடும்பம்தான். சேராங்கொட்டைப் பால் பட்டுத் தோல் கொப்பளித்ததைப் பெரியவர்கள் சொல்லக் கேட்டிருப்பீர்கள். உருஷிப் பாலும் அப்படியே செய்யும். புதிதாகத் தொழிலுக்கு வருகிறவர்களின் கைகளும் முகமும் வீங்கித் தடித்து, நாளடைவில் பலருடைய உடல் அதற்குப் பழகிவிடும். இறுகிய பிறகோ அதே பொருள் வாயில் வைத்து உண்ணும் கிண்ணத்துக்கு உகந்ததாகிவிடுகிறது.

இறுகும் விதத்தில்தான் உருஷியின் தனித்தன்மை இருக்கிறது. நாம் அறிந்த வண்ணப்பூச்சுகள் ஈரம் வற்றிக் காய்பவை. உருஷியோ ஈரம் இருந்தால்தான் காயும். பாலில் இருக்கும் ஒரு நொதி, காற்றின் ஈரத்தில்தான் சுறுசுறுப்பாக வேலைசெய்து பாலைக் கெட்டியான படலமாக மாற்றுகிறது. ஜப்பானிய வேதியியலாளர் ஹிகோரோகுரோ யோஷிதா 1883இல் இந்த நொதியை முதன்முதலில் அடையாளம் கண்டார். லாக்கேஸ் என்ற பெயரில் இன்று உலகெங்கும் ஆய்வுக்கூடங்களில் அது வழங்குகிறது. ஆகவே பூசிய பாத்திரங்களை வெயிலில் வைக்கமாட்டார்கள். மரப்பலகையால் அடைத்த அலமாரி ஒன்றின் உட்புறத்தை ஈரத்துணியால் துடைத்து, சுமார் 70 முதல் 85 விழுக்காடு ஈரப்பதத்தில், மிதமான வெப்பத்தில் அடுக்குவார்கள். பூச்சு ஒருபக்கமாக வழிந்துவிடாதபடி பாத்திரங்களைத் தலைகீழாகத் திருப்பிக்கொண்டே இருப்பார்கள். இப்படி இறுகிய படலத்தை அமிலமோ காரமோ சாராயமோ எளிதில் கரைப்பதில்லை. 1873ஆம் ஆண்டு வியன்னா கண்காட்சிக்குச் சென்ற கலைப்பொருள்களுடன் திரும்பிய ஒரு பிரெஞ்சுக் கப்பல் 1874இல் இசு தீபகற்பத்தருகே மூழ்கியது. கடலடியில் ஓராண்டுக்கு மேல் கிடந்து மீட்கப்பட்ட உருஷிப் பாத்திரங்கள் பெரிதும் கெடாமல் வெளிவந்தன. அதற்குள்ள ஒரே பெரும்பகை வெயில்தான்.

இந்தப் பால் எப்படிக் கிடைக்கிறது என்பதைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனெனில் பாத்திரத்தைப் போற்றுகிற நூல்கள்கூட இதை இரண்டு வரியில் கடந்துவிடுகின்றன. ஜப்பானில் எடுக்கப்படும் பாலின் பெரும்பகுதி வடக்கே இவாத்தே மாநிலத்தில், நினோஹே நகரைச் சேர்ந்த ஜோபோஜி பகுதியிலிருந்து வருகிறது. நட்டு 10 முதல் 15 ஆண்டு வளர்ந்த மரத்தில் ஜூன் மாதம் முதல் கீறலைப் போடுவார்கள். அது விரல் நீளம்கூட இருக்காது. மரத்துக்கு ‘இனி உன்னிடம் பால் கேட்கப்போகிறோம்’ என்று அறிவிப்பதுபோல அந்தக் கீறல். நான்கைந்து நாள் மரத்துக்கு ஓய்வு கொடுத்து, முந்தைய கீறலுக்குச் சற்று மேலே, அதைவிடச் சற்று நீளமாக அடுத்ததைப் போடுவார்கள். இலையுதிர் காலத்தில் பார்த்தால் பட்டையின்மேல் தலைகீழ் முக்கோணங்களாகக் கோடுகள் அடுக்கடுக்காக நிற்கும். கீறல் ஆழமாக இறங்கினால் மரம் தளர்ந்துவிடும். மேலோட்டமாக இருந்தால் பால் வராது. கீறியவுடன் கசிவதைச் சிறு கரண்டியால் உடனே வழித்து இடுப்பில் தொங்கும் மரப்பட்டைக் குடுவையில் சேர்ப்பார்கள். நடுக்கோடையில் வரும் பாலே தரத்தில் முதலிடம் பெறுகிறது. இத்தனைக்கும் பிறகு ஒரு மரம் ஒரு பருவத்தில் தருவது சுமார் 200 கிராம்தான். பருவம் முடிந்ததும் அந்த மரத்தை வெட்டிவிடுவார்கள். அடிக்கட்டையிலிருந்து துளிர்க்கும் குருத்தை வளர்த்து, மறுபடியும் பத்துப் பதினைந்து ஆண்டு காத்திருப்பார்கள்.

இனி வஜிமாவுக்கு வருவோம். ஜப்பான் கடலுக்குள் நீண்டிருக்கும் நோட்டோ தீபகற்பத்தின் வடகரையில், இஷிகாவா மாநிலத்தில் உள்ள சிற்றூர் அது. அங்கே ஜூஸோ கோயிலில் உள்ள, 1524ஆம் ஆண்டைச் சேர்ந்த செந்நிறக் கதவையே இன்று எஞ்சியிருக்கும் வஜிமாப் பூச்சுகளில் மிகப் பழையதாகச் சொல்கிறார்கள். உருஷி வேலை ஜப்பானில் பல ஊர்களில் உண்டு. ஆனாலும் வஜிமாவின் பெயர் முன்னே நிற்பதற்குக் காரணம் அதன் அடிப்பூச்சு. ஊரருகே உள்ள குன்றில் கிடைக்கும் ஒருவகை மண், பழங்காலத்து நுண்ணுயிர்களின் சிலிக்கா ஓடுகள் படிந்து உண்டானது. அதைச் சுட்டுப் பொடித்துச் சலித்தால் துகள்தோறும் நுண்துளைகள் இருக்கும். அந்தத் துளைகளுக்குள் உருஷி புகுந்து இறுகுவதால் பூச்சு கல்போல உறுதிப்படுகிறது.

இந்த மேசையில் இருக்கும் செந்நிறக் கிண்ணத்தைப் பாருங்கள். ஜப்பானியர்கள் சூப்புக் கிண்ணத்தைக் கையில் ஏந்தி, விளிம்பை உதட்டில் வைத்தே குடிப்பார்கள். ஆகவே உதடும் பல்லும் படுகிற விளிம்பும், மேசையில் மோதுகிற அடிவளையமும்தான் முதலில் பழுதாகும். வஜிமாவில் கடைந்த மரக்கிண்ணத்தின் விளிம்பிலும் அடியிலும் பருத்தி அல்லது சணல் துணிப்பட்டையை உருஷியில் நனைத்து ஒட்டுகிறார்கள். துணியின் மடிப்பு தெரியாமல் சீவிச் சமன்செய்து, அதன்மேல் சுட்ட மண்ணும் அரிசிக்கஞ்சியும் கலந்த உருஷியை முதலில் கொரகொரப்பாகவும், பிறகு நயமாகவும், அதன்பின் மிக நயமாகவும் மூன்று சுற்றுப் பூசுகிறார்கள். ஒவ்வொரு சுற்றுக்கும் நடுவில் உலர்த்தல், பிறகு தேய்த்தல். இடைப்பூச்சு முடிந்து மறுபடியும் நீர்விட்டுத் தேய்த்த பின்னரே, தூசி புகாமல் அடைத்த அறையில், இறுதிப்பூச்சு நடைபெறும். அங்கும் ஏதேனும் துகள் படிந்துவிட்டால், பூச்சு ஈரமாக இருக்கும்போதே நுண்ணிய குச்சியின் நுனியால் அதைத் தொட்டெடுப்பார்கள். இப்படி நூற்றுக்கும் மேற்பட்ட படிகள். ஒரு கிண்ணம் முடிய ஆறு மாதம் முதல் ஓராண்டுகூட ஆகும். நீங்கள் இப்போது காண்பது கடைசிப் பூச்சை மட்டும்தான். துணியும் மண்ணும் இனி யார் கண்ணிலும் படப்போவதில்லை. கிண்ணத்தைத் தாங்கி நிற்பவை அவைதாம்.

உருஷியின் வரலாறு நெடியது. ஹொக்கைடோவில் ககினோஷிமா அகழ்விடத்தில் கிடைத்த உருஷிப் பொருள்கள் ஏறத்தாழ 9,000 ஆண்டுப் பழமையானவை. நாரா நகரின் கோஃபுகுஜி கோயிலில் 734ஆம் ஆண்டு செய்யப்பட்ட மூன்று முக அசுரன் சிலை உலகப் புகழ் பெற்றது. களிமண் உருவத்தின்மேல் உருஷியில் நனைத்த துணியைப் பலமுறை சுற்றி, இறுகிய பிறகு உள்ளிருக்கும் களிமண்ணை அகற்றிவிட்டுச் செய்த உருவம் அது. உள்ளீடற்றதாகையால் மிகவும் இலேசானது. அந்தக் கோயில் பலமுறை தீப்பற்றியபோதும் அச்சிலை தப்பியதற்கு, எளிதில் தூக்கிக்கொண்டு வெளியேற முடிந்ததே காரணம் என்பார்கள். நம் புராணத்து அசுரர் பௌத்தத்தின் வழியே அங்கே சென்று, உருஷியில் இத்தனை மெல்லிய இளைஞனாக உருப்பெற்றதை எண்ணும்போதெல்லாம் எனக்கு வியப்பு தீர்வதில்லை.

ஜப்பான் தன் கைவினைகளைக் காக்கச் சட்டங்கள் இயற்றிய நாடு. 1950ஆம் ஆண்டின் பண்பாட்டுச் சொத்துப் பாதுகாப்புச் சட்டம், கட்டடத்தையும் சிலையையும் மட்டுமன்றிக் கைத்திறனையும் சொத்தாகக் கருதியது. 1954இல் திருத்தம் வந்தது. அதன்படி சிறந்த கைவினைஞர்களுக்கு நாட்டின் அங்கீகாரம் கிடைத்தது. மக்கள் வழக்கில் அவர்களுக்கு ‘வாழும் தேசியச் செல்வம்’ என்று பெயர். ஈரப்பூச்சில் பொற்பொடி தூவிச் சித்திரம் தீட்டும் மகி-எ கலைக்காக மட்சுதா கொன்ரோகுவும், உளியால் கோடு செதுக்கி அதில் பொன்னைப் பதிக்கும் சின்கின் கலைக்காக வஜிமாவைச் சேர்ந்த மாயே தைஹோவும் 1955இல் அந்தப் பெருமையைப் பெற்றார்கள். இவ்வாறு போற்றப்படுகிறவர்களுக்கு அரசு ஆண்டுக்கு 20 இலட்சம் யென் வழங்குகிறது. இது போற்றத்தக்க ஏற்பாடுதான். ஆயினும் என் எண்ணத்தை வெளிப்படையாகச் சொல்கிறேன்: பொன் தூவும் கைக்குக் கிடைத்த கவனத்தில் கால்பங்குகூட மண் பூசும் கைக்கும், மரம் கீறும் கைக்கும் நெடுங்காலம் கிடைக்கவில்லை.

வஜிமாவில் ஒரு கிண்ணத்தை ஒருவரே செய்து முடிப்பது அரிது. மரம் கடைபவர் ஒருவர், அடிப்பூச்சுக்காரர் ஒருவர், தேய்ப்பவர் ஒருவர், இறுதிப்பூச்சுக்காரர் ஒருவர், சித்திரம் தீட்டுபவர் ஒருவர். இவர்கள் எல்லோரையும் இணைத்து வேலை வாங்குபவர் நுஷியா எனப்படும் பூச்சுவீட்டுத் தலைவர். இவர்களுக்குப் பின்னால் ஊருக்கு வெளியே இன்னும் பலர் இருக்கிறார்கள். பூசும் தூரிகை மனித மயிரால் ஆனது. நீண்ட கூந்தலைப் பலகைகளுக்கிடையே முழுநீளத்துக்கும் வைத்து அடைத்திருப்பார்கள். நுனி தேய்ந்தால் பென்சிலைச் சீவுவதுபோல் மரத்தைச் சீவி உள்ளிருக்கும் மயிரை வெளிக்கொணர்வார்கள். பூச்சைத் தேய்த்து மெருகேற்ற அதற்கென்றே சுட்ட தனிவகைக் கரி வேண்டும். உருஷியை வடிகட்ட மெல்லிய கைக்காகிதம் வேண்டும். மரத்தைக் கீறும் வளைந்த கத்தியை அடிக்கத் தெரிந்த கொல்லர் வேண்டும். இவர்களுடைய தொழில் பலவற்றில் நாடு முழுவதற்கும் விரல்விட்டு எண்ணத்தக்க குடும்பங்களே எஞ்சியிருக்கின்றன. 1975இல் சட்டத்தை மறுபடியும் திருத்தி, இத்தகைய துணைத் தொழில்களையும் பாதுகாப்புக்கு உரியவை என அரசு ஏற்றது. ஆனால் ஆள் குறைந்துகொண்டே வருகிறது.

விற்பனையிலும் வஜிமாக்காரர்கள் தனிவழி கண்டவர்கள். அவர்களே மாதிரிகளைச் சுமந்து ஊர் ஊராகச் சென்று வீடுகளில் விற்றார்கள். ஒரே முறையில் பணம் தர இயலாத கிராமத்தார், குழுவாகச் சேர்ந்து ஆளுக்குக் கொஞ்சம் தவணை கட்டி, முறைவைத்துப் பாத்திரத் தொகுதியைப் பெறும் ஏற்பாடும் இருந்தது. நம் ஊர்ப் பாத்திரச் சீட்டுக்கு அண்ணன் முறை என்று சொல்லலாம். விற்ற பாத்திரம் பழுதானால் வாங்கிச் சென்று மறுபூச்சுப் பூசித் தருவார்கள். திருமணத்துக்கும் ஈமச்சடங்குக்கும் வீட்டிலேயே ஊர்கூட்டி விருந்து வைத்த காலம் போனதும், இருபது பேருக்கான கிண்ணத் தொகுதி எந்த வீட்டுக்கும் தேவைப்படவில்லை. பிளாஸ்டிக் கிண்ணங்கள் வந்தன. முந்திரிக்கொட்டைத் தோட்டின் எண்ணெயிலிருந்து உருஷியைப் போன்ற மாற்றுப்பூச்சும் போருக்குப் பின் புழக்கத்துக்கு வந்தது. 1990களின் தொடக்கத்தில் உச்சத்தில் இருந்த வஜிமாவின் விற்பனை, அதற்குப் பின் ஏறவே இல்லை.

இந்த நிலையில்தான் 2024ஆம் ஆண்டின் முதல் நாள் மாலை 7.6 அளவிலான நிலநடுக்கம் நோட்டோவைத் தாக்கியது. நூற்றுக்கணக்கானோர் உயிரிழந்தார்கள். வஜிமாவின் காலைச் சந்தைத் தெரு தீயில் அழிந்தது. அங்கிருந்த கடைகளும் பட்டறைகளும் சாம்பலாயின. அதே ஆண்டு செப்டம்பரில் பெருவெள்ளமும் வந்து, மீண்டும் தலைதூக்கிய பட்டறைகளைச் சேற்றால் நிரப்பியது. ஒருவர் பட்டறை தப்பியிருந்தாலும் அவருக்கு முன்படியைச் செய்து தருபவரின் பட்டறை இடிந்துவிட்டது என்றால் இருவருக்கும் வேலையில்லை. அடிப்பூச்சுக்காரர் வேறு ஊருக்குக் குடிபெயர்ந்துவிட்டால், இறுதிப்பூச்சுக்காரர் தம் தூரிகையை வைத்துக்கொண்டு எதைப் பூசுவார்? அந்த ஆண்டு ஏப்ரலில் ஜப்பானியப் பிரதமர், அமெரிக்க அதிபருக்கு வஜிமாவின் இளம் கைவினைஞர்கள் செய்த காப்பிக் கோப்பைகளைப் பரிசளித்தார். அது ஊருக்கு ஊக்கம் தந்தது, மறுக்கவில்லை. அதைவிடப் பயன் தந்தவை, வேலையை மறுபடியும் தொடங்குவதற்காகத் தகரமும் மரமும் கொண்டு எழுப்பிய தற்காலிகப் பட்டறைகள் என்பேன்.

மரத்தின் கதையையும் முழுமையாகச் சொல்லிவிடுகிறேன். ஜப்பானில் புழங்கும் உருஷியில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் சீனாவிலிருந்து வருகிறது. 2015இல் பண்பாட்டு அலுவல் முகமை, நாட்டின் தேசியச் செல்வங்களாகவும் முக்கியச் சின்னங்களாகவும் அறிவிக்கப்பட்ட கட்டடங்களைப் பழுதுபார்க்க உள்நாட்டு உருஷியையே பயன்படுத்த வேண்டும் என்று அறிவித்தது. இதற்கு மட்டும் ஆண்டுக்குச் சுமார் 2.2 டன் தேவை என்று கணக்கிட்டார்கள். அப்போது நாட்டின் மொத்த விளைச்சலே ஒரு டன் அளவுதான். மரத்துக்கு 200 கிராம் என்றால் 2.2 டன்னுக்கு ஆண்டுதோறும் 11,000 மரங்கள் வெட்டுப்பட வேண்டும்; 15 ஆண்டு வளர்ப்புக்காலத்தைச் சேர்த்தால் எப்போதும் ஒன்றரை இலட்சத்துக்கும் மேற்பட்ட மரங்கள் நின்றுகொண்டிருக்க வேண்டும். இதற்காக நினோஹே நகராட்சி, பிற ஊர்களிலிருந்து வரும் இளைஞர்களுக்கு மூன்றாண்டு வரை ஊதியம் தந்து, மூத்தவர்களிடம் மரம் கீறும் வேலையைப் பயில வைக்கிறது. கன்றுகளும் நடப்படுகின்றன. விளைச்சல் மெல்லக் கூடி இரண்டு டன்னை ஒட்டி வந்திருக்கிறது. 2020இல் யுனெஸ்கோ ஜப்பானிய மரக்கட்டடக் கலையின் மரபுத் திறன்களைத் தன் பட்டியலில் சேர்த்தபோது, உருஷி எடுக்கும் தொழிலும் அதில் இடம்பெற்றது.

ஆனால் இந்தப் பால் முழுவதும் கோயில்களுக்கும் அரண்மனைகளுக்கும் போய்விட்டால் உணவுக் கிண்ணத்துக்கு என்ன மிஞ்சும் என்ற கேள்வி பாத்திரம் செய்கிறவர்களிடையே இன்னும் தீராமல் இருக்கிறது. இன்று நடுகிற கன்று பால் தருவது 2040ஐ ஒட்டித்தான். அந்த மரத்தைக் கீறத் தெரிந்தவரும், கீறும் கத்தியை அடிக்கத் தெரிந்தவரும், எடுத்த பாலை மண்ணோடு குழைத்துத் துணியின்மேல் பூசத் தெரிந்தவரும் அப்போது இருக்க வேண்டும் என்றால், அவர்கள் தொழில் பழக வேண்டிய காலம் இப்போதே.

நன்றி, வணக்கம்.