கதவிலேயே சாவியை விட்டுப்போன மனிதர்

[திரையில்: பழைய கதவு, பூட்டில் தொங்கும் சாவி]

1933, பெர்லின். ஹிட்லர் ஆட்சிக்கு வந்தாயிற்று. ஊரை விட்டே கிளம்பும் ஒரு திரைக்கதை எழுத்தாளர் வீட்டைப் பூட்டவில்லை, சாவியைக் கதவிலேயே விட்டுவிட்டுப் போகிறார். ஏன் தெரியுமா? நாஜிகள் எப்படியும் தேடி வருவார்கள், பாவம், கதவை உடைக்கிற சிரமம் அவர்களுக்கு எதற்கு என்றுதான்! கவுண்டமணிகூட இந்த அளவுக்கு நக்கல் செய்திருக்க மாட்டார்.

வணக்கம் மக்களே. இவர்தான் எமெரிக் பிரஸ்பர்கர். 1902-இல் ஹங்கேரியில், யூதக் குடும்பத்தில் பிறந்தவர். அங்கே பெயர் இம்ரே. ஜெர்மனியில் எம்மெரிஷ். இங்கிலாந்தில் எமெரிக். நடுவில் கொஞ்ச காலம் பாரிஸ். 1935-இல் லண்டனில் வந்து இறங்கியபோது ஆங்கிலம் தெரியாது. 1943-இல், '49த் பேரலல்' படத்தின் கதைக்கு ஆஸ்கர்!

அப்புறம் ஆங்கில இயக்குநர் மைக்கேல் பவலோடு சேர்ந்து எடுத்த படங்கள். 'தி ரெட் ஷூஸ்' பற்றித் தனி வீடியோவே போடலாம். 'பிளாக் நார்சிஸஸ்' கதை நடப்பது இமயமலையில். எடுத்தது முழுக்க இங்கிலாந்தில்! அந்தப் பனிமலையெல்லாம் ஓவியம். சரி, இதோடு விடுகிறேன், இல்லையென்றால் இங்கேயே உட்கார்ந்துவிடுவேன்.

1943-இல் வந்த 'கர்னல் பிளிம்ப்' படத்தில் ஒரு காட்சி. வயதான ஜெர்மன் ஒருவர் இங்கிலாந்தில் அடைக்கலம் கேட்டு அதிகாரி முன் உட்கார்ந்திருக்கிறார். இங்கிலாந்துக்காரியான மனைவி இறந்துவிட்டாள். மகன்கள் நாஜிகள், பெற்ற தாயின் சாவுக்குக்கூட வரவில்லை. குரலை உயர்த்தாமல் இதைச் சொல்லிக்கொண்டே போகிறார். போர் உச்சத்தில் இருக்கும்போது ஒரு நல்ல ஜெர்மனைத் திரையில் காட்டுவதா? சர்ச்சிலே அந்தப் படத்தைத் தடுக்கப் பார்த்தார். அதை எழுதிய பிரஸ்பர்கரும் அந்த நேரத்தில் அரசு கணக்கில் 'எதிரி நாட்டு ஆள்'தான்!

இனி, நான் இந்த வீடியோ போடக் காரணமான விஷயம். 1966-இல் அவர் எழுதிய நாவல், 'தி கிளாஸ் பேர்ல்ஸ்'. லண்டனில் பியானோவுக்குச் சுருதி சேர்க்கும் அமைதியான மனிதர் கார்ல் பிரவுன். வாடகை அறை, கச்சேரி, ஒரு பெண்ணோடு மெல்ல மலரும் நட்பு. ஆனால் யாரோ பின்தொடர்கிறார்கள் என்று ஓயாத பயம். நாமும் அவரைப் பார்த்து ஐயோ பாவம் என்கிறோம். அகதி என்றே நினைக்கத் தோன்றும். ஆனால் அவர் நாஜி மருத்துவர். வதைமுகாம் கைதிகளின் மேல் பரிசோதனை நடத்தியவர்.

கதவு தட்டினால் திடுக்கிடுவது, பொய்ப் பெயர், தெருவில் ஒரே முகத்தை இரண்டு முறை பார்த்தால் வயிற்றைக் கலக்குவது. ஓடி வந்த ஒரு யூதனுக்குத்தான் இந்தப் பயமெல்லாம் இவ்வளவு நுணுக்கமாகத் தெரியும். அதை எடுத்து அவர் கொலைகாரனுக்குக் கொடுத்துவிட்டார்! வேறு யாராவது எழுதியிருந்தால் நாஜிக்கு வக்காலத்து என்று நானே திட்டியிருப்பேன். ஆனால் எழுதியவரின் அம்மா ஆஷ்விட்ஸ் என்ற நாஜி வதைமுகாமில் கொல்லப்பட்டவர்.

அன்றைக்கு அந்தப் புத்தகத்தை யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. இப்போது மறுபதிப்பு வந்திருக்கிறது. நான் படிக்கும்போது ஒரு இடத்தில் 'பிரவுன், ஓடு, மாட்டிக்காதே' என்று மனசு சொன்னது. சட்டென்று புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். நீங்கள் படித்திருந்தால், உங்களுக்கு அது எந்த இடத்தில் நடந்தது என்று கமெண்டில் எழுதுங்கள்.