வசனம் சொல்லாததை உடை சொல்லும்: பல்கேரியக் கலை இயக்குநர்களின் வேலை

[திரையில்: கறுப்பு வெள்ளையில் மலைச்சரிவு, ஆட்டு மந்தை]

1972-இல் வெளிவந்த பல்கேரியப் படம் ‘ஆட்டுக் கொம்பு’. இயக்கியவர் மெத்தோதி ஆந்தோனொவ். கதை நடப்பது 17-ஆம் நூற்றாண்டில், ஒட்டோமான் ஆட்சியில். மனைவியைச் சீரழித்துக் கொன்றவர்களைப் பழிவாங்க, கரைவான் என்ற இடையன் தன் மகளை ஆண்பிள்ளையாக வளர்க்கிறான்.

அம்மாவாகவும் மகளாகவும் நடித்தவர் ஒருவரே, காத்யா பாஸ்கலேவா. வசனமோ ரொம்பக் குறைவு. அப்படியானால் இப்போது திரையில் நிற்பது மகள் என்று யார் சொல்வது? வெட்டிய தலைமுடியும் இடையனின் உடுப்பும்தான் சொல்லியாக வேண்டும்.

சிறிய திரைத்துறை என்பதால் அங்கே செட்டையும் உடையையும் ஒரே ஆள் கவனிப்பதுண்டு. தலைநகர் சோபியாவின் தேசியக் கலைக் கழகத்தில் படித்துவிட்டு வருபவர்கள் பலர். சினிமா அரசின் கையில் இருந்த காலத்தில் அவர்களுக்குச் சம்பளமும் வந்தது, திரையில் எழுப்பச் சொந்த நாட்டு வரலாறும் கிடைத்தது.

[திரையில்: மதாரா பாறைச் சிற்பம்]

1981-இல் பல்கேரிய அரசின் 1300-வது ஆண்டு. அதற்காக, அந்த அரசை நிறுவிய மன்னனைப் பற்றி எடுத்த படம் ‘கான் அஸ்பரூக்’. ஏழாம் நூற்றாண்டு வீரன் என்ன உடுத்தினான்? துணி மக்கிப்போயிருக்கும், கல்லும் உலோகமும்தான் மிச்சம். வடகிழக்குப் பல்கேரியாவின் மதாராவில், பாறையில் தரையிலிருந்து 23 மீட்டர் உயரத்தில் செதுக்கிய ஒரு குதிரைவீரன், கீழே ஈட்டி பாய்ந்த சிங்கம், பின்னால் ஒரு நாய். அந்தச் சிற்பமும் மழையில் தேய்ந்து கிடக்கிறது. மீதியைக் கலைஞர் ஊகிக்க வேண்டியதுதான்.

அப்புறம், ஆயிரக்கணக்கான துணை நடிகர்களுக்கும் உடை வேண்டுமே! முன்வரிசைக்குத் தையல் வரை பார்க்க வேண்டும். பின்வரிசைக்கு நிறமும் வடிவமும் போதும். எங்கே ஏமாற்றலாம் என்று தெரிந்துவைத்திருப்பதுதான் இந்தத் தொழிலில் பாதித் திறமை என்பேன்.

[திரையில்: போயானா ஸ்டூடியோ]

1989-இல் கம்யூனிஸ்ட் ஆட்சி சரிந்த பிறகு அரசுப் பணம் வற்றியது. சோபியாவின் போயானா ஸ்டூடியோ அமெரிக்க நிறுவனத்தின் கைக்குப் போனது. 2006-இல் வெளிவந்த ‘தி பிளாக் டாலியா’ என்ற ஆங்கிலப் படத்துக்காக 1940-களின் லாஸ் ஏஞ்சலஸையே சோபியாவில் எழுப்பினார்கள். தலைமைக் கலை இயக்குநர் இத்தாலியர், தாந்தே ஃபெர்ரெத்தி. நம் அஜித்தின் ‘விவேகம்’ படத்தில்கூட ஒரு பகுதி பல்கேரியாவில் எடுத்ததுதான்.

இப்படி வெளியூர்ப் படங்கள் வரும்போது, உள்ளூர்க் கலைஞருக்குப் பெரும்பாலும் கிடைப்பது இரண்டாம் இடம்தான். செட் எழுப்புவது, புதுத் துணியைத் தேய்த்து, வெளுக்கவைத்து, அழுக்கேற்றிப் பழசாக்குவது. கைவேலை அதேதான், சம்பளமும் வருகிறது. ஆனால் அவர் எழுப்புவது இப்போது லண்டன் தெரு, நியூயார்க் தெரு.