தெருவுக்கு ஒரு பாத்திமா

நேயர்களுக்கு வணக்கம். அரபுப் பெண் பெயர் ஒன்றைப் பற்றிப் பேசச் சொன்னதும் எனக்கு வேறு பெயரே தோன்றவில்லை. பாத்திமாதான்.

பெயருக்குப் பொருள் தேடுகிறவர்கள் நிலா, மலர், ஒளி என்று ஏதாவது கிடைக்கும் என்று எதிர்பார்ப்பார்கள். பாத்திமாவில் அதெல்லாம் கிடையாது. பிள்ளைக்குப் பால்குடி மறக்கடிப்பதைச் சொல்லும் அரபு வினையிலிருந்து வந்த பெயர் இது. நம் வீடுகளில் வேப்பெண்ணெய் தடவி மறக்கடிப்பார்களே, அதே காரியம்தான். இதைப் போய் ஏன் பெயராக வைத்தார்கள்? குழந்தை பிழைத்துக் கிடப்பதே பெரிய விஷயமாக இருந்த காலம். இந்தப் பெண் வளர்ந்து, பெற்றெடுத்து, தன் பிள்ளைக்குப் பால் மறக்கடிக்கும் நாள்வரை நல்லபடியாக இருக்கட்டும் என்ற வேண்டுதலாகத்தான் எனக்குப் படுகிறது.

இஸ்லாத்துக்கு முன்பே மக்காவில் இந்தப் பெயர் சகஜம். நபிகள் நாயகத்தின் தந்தைவழிப் பாட்டி ஒரு பாத்திமா. மருமகன் அலியின் தாயார் இன்னொரு பாத்திமா. நபிகளின் சொல்லையும் செயலையும் பதிந்து வைத்த ஹதீஸ் ஒன்றில், தமக்கு வந்த பட்டுத் துணியை நபிகள் அலியிடம் கொடுத்து, "பாத்திமாக்களுக்கு முக்காடாகப் பங்கிட்டுக் கொடும்" என்கிறார். ஒரே குடும்பத்தில் அத்தனை பாத்திமாக்கள்!

ஆனாலும் உலகம் முழுக்க இந்தப் பெயரைக் கொண்டுபோனவர் நபிகளின் மகள்தான். அலியின் மனைவி, ஹசன், ஹுசைனின் தாய். தந்தை மறைந்த 632ஆம் ஆண்டிலேயே, சில மாதங்களில் இவரும் காலமானார். இவருடைய வழிவந்தவர்கள் என்று சொல்லிக்கொண்டு 909 முதல் 1171 வரை ஆண்டவர்கள் ஃபாத்திமிய கலீபாக்கள். கெய்ரோ நகரம் அவர்கள் உண்டாக்கியதுதான்.

அப்புறம் பெயர் ஊர் ஊராகப் போய் உருமாறியது. துருக்கியில் ஃபாத்மா. செனகலில் ஃபத்தூ, மாலியில் ஃபத்துமத்தா, சோமாலியாவில் ஃபாதுமோ. அல்ஜீரியாவில் ஒரு கசப்பும் உண்டு. அங்கே ஆண்ட பிரெஞ்சுக்காரர்கள், வீட்டு வேலைக்கு வந்த பெண் யாராக இருந்தாலும் 'ஃபத்மா' என்றே கூப்பிட்டார்கள். இவ்வளவு மரியாதையான பெயரை ஏவல் சொல்லாக்கிவிட்டார்கள், பாருங்கள்.

போர்ச்சுகலில் கதையே வேறு. மூர்கள் எனப்பட்ட முஸ்லிம்கள் ஆண்ட காலத்தின் மிச்சமாக அங்கே ஃபாத்திமா என்றொரு சிற்றூர். 1917இல் ஆடு மேய்த்த மூன்று சிறுவர்களுக்கு அந்த ஊரில் மாதா காட்சி கொடுத்தார் என்று நம்பிக்கை. அதிலிருந்து ஃபாத்திமா அன்னை என்றானது. கத்தோலிக்கப் பெண்களுக்கும் 'மரியா தெ ஃபாத்திமா' என்று பெயர் வைக்கிறார்கள். மதுரையில் கத்தோலிக்கச் சகோதரிகள் நடத்தும் கல்லூரிக்குப் பாத்திமா என்று பெயர் வந்ததும் இந்த வழியில்தான். முஸ்லிம் கல்லூரி என்று நினைத்துக்கொண்டிருப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

சரி, நம் பக்கம் வருவோம். இந்திய உச்ச நீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதி பாத்திமா பீவி. 1989இல் பதவியேற்றார், பிறகு தமிழக ஆளுநராகவும் இருந்தார். நபிகளின் மகளுக்கு ஸஹ்ரா என்று ஒரு பட்டப்பெயர் உண்டு. அதை அரபியில் 'ஃபாத்திமத்துஸ் ஸஹ்ரா' என்று சேர்த்துச் சொல்வதுதான் நம் பாட்டிமார் வாயில் பாத்திமுத்து ஜொஹரா ஆகியிருக்க வேண்டும். நடுவில் ஒரு முத்து எப்படியோ வந்து உட்கார்ந்துகொண்டது. எனக்கு அந்த வடிவம்தான் ரொம்பப் பிடிக்கும். இப்போது யாரும் வைப்பதில்லை, எழுத்துச் சுத்தமாக 'ஃபாத்திமா' என்றே பதிகிறார்கள்.

இலங்கையில் முஸ்லிம் பெண் பிள்ளைகள் பலருக்குப் பாத்திமா முதலில் வந்து, கூப்பிடும் பெயர் பின்னால் வரும். தகப்பனார் பெயர் முஹம்மதில் தொடங்கினால் முதலெழுத்து எம்.எஃப். ஆகிவிடும். வகுப்பு வருகைப் பதிவேட்டைத் திறந்தால் எம்.எஃப்., எம்.எஃப். என்று வரிசையாக இறங்கும். அங்கே "பாத்திமா" என்று பொதுவாகக் கூப்பிட்டால் பாதி வகுப்பு எழுந்து நிற்கும். ஆசிரியர்கள் பாவம், இரண்டாவது பெயரைத்தான் மனப்பாடம் செய்ய வேண்டும்.